புலி என்று கத்திய நாள்

பழனி அடிவாரத்தில் பஞ்சாமிர்தக் கடை வைத்திருந்த வீட்டிலிருந்து, ஐம்பதுகளின் கடைசியில், கொடைக்கானலுக்கும் அப்பால் ஒரு மேல்மலைக் கிராமத்துக்கு என்னைக் கட்டிக் கொடுத்தார்கள். பூண்டு போடும் குடும்பம். மாப்பிள்ளையின் பெயர் 'புலி' என்று தொடங்கும். முழுப் பெயரை இங்கும் எழுதப்போவதில்லை, கை வரவில்லை.

புருஷன் பெயரைச் சொல்லக் கூடாது என்பது எங்கள் ஊரிலும் உண்டு. என் மாமியார் அதை இன்னும் இறுக்கினார். குழம்புக்குப் புளி கேட்டாலே முறைப்பார். "கரைக்கிறது எங்க இருக்கு அத்தை?" என்று கேட்கப் பழகினேன். மழை பிடித்துவிட்டால் பாதை சேறாகிவிடும். பஸ் ஏறக் கொடைக்கானல் வரை நடக்க வேண்டும். பிறந்த வீட்டை நினைக்கும்போதெல்லாம் அந்த நடை குறுக்கே வந்து நின்றுவிடும்.

இரண்டாம் வருஷம் ஐப்பசியில் ஒரு நாள். கோவேறு கழுதைகளில் பூண்டு ஏற்றிக்கொண்டு கொடைக்கானல் போயிருந்த வீட்டுக்காரர் அன்று திரும்ப வேண்டும். மாமியார் பக்கத்து ஊர்த் துக்கத்துக்குப் போயிருந்தார். மாமனார் விறகுக்கு. நான் முற்றத்தின் ஓரத்துப் பூண்டு அறையில், காய்ந்த பூண்டின் தாளை அறுத்துக்கொண்டிருந்தேன். திடீரென்று தொழுவத்தில் கன்று அலறியது. எட்டிப் பார்த்தேன். கல் சுவரின் மேல், வாலைத் தொங்கவிட்டபடி, மஞ்சளாக அது படுத்திருந்தது.

கதவைச் சாத்தித் தாழ்ப்பாள் போட்டேன். அந்த அறைக்கு ஜன்னல் கிடையாது. பூண்டு நெடியில் கண்ணும் மூக்கும் எரிந்தன. இருமல் வந்தது, சேலைத் தலைப்பை வாயில் திணித்துக்கொண்டேன். அது இறங்கி வந்து கதவடியில் மோந்தது. அந்த மூச்சு என் கால் விரலில் பட்டது. பிறகு தொழுவத்துப் பக்கம் போய்விட்டது. எவ்வளவு நேரம் அப்படியே நின்றேனோ தெரியாது. கதவுப் பலகை இடுக்கில் பார்த்தால் மூடுபனி இறங்கி முற்றமே தெரியவில்லை.

அப்போது பாதையில் மாமனாரின் செருமல் கேட்டது.

"மாமா, வராதீங்க!"

"என்ன தாயி? எங்க இருக்க?"

"முத்தத்துல… உங்க மகன் பேரு இருக்கு!"

"மகன் வந்துட்டானா? வெரசா வந்துட்டானே!"

சந்தோஷத்தில் அவர் நடை வேகமானது. "புலி! மாமா, புலி! புலி!" என்று தொண்டை கிழியக் கத்தினேன். தடாலென்று விறகுக் கட்டு விழுந்தது. அவர் போட்ட கூச்சலில் அது சுவர் தாண்டிச் சோலைக்குள் ஓடிவிட்டது.

மாமியார் வந்ததும் விஷயம் கேட்டுத் தலையில் அடித்துக்கொண்டார். "கட்டுனவன் பேர மலை பூராக் கேக்கக் கூவியிருக்கா!"

"அவ கூவலேன்னா நான் செத்துக் கெடந்திருப்பேன்," என்றார் மாமனார்.

"அதுக்காக?"

மறுநாள் காட்டிலாகா கார்டு வந்து கால் தடம் பார்த்தார். உடம்பில் கோடா புள்ளியா என்று என்னைக் கேட்டார். புள்ளி என்றேன். "அப்ப அது புலியில்லம்மா, சிறுத்தை. புலிய விட உடம்பு சிறுத்தது. அதான் அந்தப் பேரு. கொடைக்கானல்ல தொரமாரு பாந்தர்ம்பாங்க."

பழனியில் வளர்ந்த எனக்கு எல்லாமே புலிதான். மாமியார் பிடித்துக்கொண்டார். "பாத்தீங்களா? அதுக்கு வேற பேரு இருக்கு. என் மகன் பேர வீணாத்தான் சொல்லியிருக்கா."

அப்போது மாமனார் மெல்லச் சொன்னார்: "இவன் பொறந்த அன்னிக்கு வாசல்ல வந்து நின்னுட்டு, யாரையும் தொடாமப் போச்சே, அதுவும் புள்ளி போட்டதுதான். அத நெனச்சுத்தான் பேரு வச்சோம். நாம அதயும் புலின்னுதான சொல்லுவோம்."

என் வீட்டுக்காரர் வாய்விட்டுச் சிரித்தார். மாமியார் சிரிக்கவில்லை. தை பிறக்கும் வரை என் கையால் தண்ணீர் வாங்கிக் குடிக்கவில்லை.

கார்டு வந்து போன அன்று ராத்திரி அடுப்பங்கரையில் வீட்டுக்காரர் என்னிடம் கிசுகிசுத்தார்: "இனிமே என்னச் சிறுத்தைன்னு கூப்பிடேன்."

நான் கூப்பிடவில்லை. அந்தச் சொல்லையும் சொல்லக் கூடாது என்றாகிவிட்டால், அடுத்த முறை எதைச் சொல்லிக் கத்துவது?