ரப்பரே போதும் என்றேன்

பிள்ளையின் அழுகையை நிறுத்த, வாயில் வைத்துச் சப்ப நான் செய்த ரப்பர்ச் சூப்பானைப் பற்றி எங்கள் தோட்டத்தில் கொஞ்ச நாள் பெருமையாகப் பேசினார்கள். நானும் கேட்டு உச்சி குளிர்ந்தேன். இன்று அதை நினைத்தால் வெட்கம் பிடுங்கித் தின்கிறது.

அது ஜப்பான்காரன் காலம். மலாயாவில் கோலா கங்சாருக்குப் பக்கத்து ரப்பர்த் தோட்டம். வெள்ளைக்காரத் துரை எப்போதோ ஓடிவிட்டான். என் புருஷனைச் சயாமுக்கு ரயில் பாதை போட லாரியில் ஏற்றிக்கொண்டு போனார்கள். லயத்தில், கூலிக்காரர்களின் அந்த வரிசை வீட்டில், நானும் ஐந்து மாதப் பிள்ளையும்தான். மூன்று வேளையும் மரவள்ளிக்கிழங்கு. அதைத் தின்ற உடம்பில் பால் எங்கே ஊறும்? காலையில் கங்காணி பேர் கூப்பிட்டதும் பெண்கள் எல்லாரும் பிள்ளைகளை ஆயாக் கொட்டகையில் விட்டுவிட்டுக் கிழங்கு நடப் போக வேண்டும். என் பிள்ளை பசியில் கத்தியே மற்றப் பிள்ளைகளையும் எழுப்பிவிட்டான். இந்தக் கத்தலோடு இனிமேல் கொண்டுவராதே என்று ஆயா சொல்லிவிட்டாள். பிள்ளையை அங்கே விடாமல் வேலைக்குப் போக முடியாது. வேலைக்குப் போகாதவளுக்குக் கிழங்கும் கிடையாது.

ரப்பர்ப் பாலுக்கு மட்டும் பஞ்சமில்லை. வாங்க ஆளில்லாமல் மரங்கள் சும்மா நின்றன. முன்பு துரை பங்களாவில் துணி துவைக்கப் போனபோது துரைசாணியின் குழந்தை வாயில் சூப்பானைப் பார்த்திருக்கிறேன். அது என்ன, ரப்பர்தானே? ஒரு குச்சியைக் கட்டைவிரல் மாதிரி செதுக்கிப் பாலில் தோய்த்து அடுப்புக்கு மேலே தொங்கவிட்டேன். காய்ந்ததும் மறுபடி தோய்த்தேன். எட்டுப் பத்துப் பூச்சு ஏறியதும் உரித்தெடுத்து, நாற்றம் போக மூன்று நாள் தண்ணீரில் ஊறப்போட்டேன். பிள்ளை முதலில் முகத்தைச் சுளித்தான். அப்புறம் சப்ப ஆரம்பித்துவிட்டான். சப்பிச் சப்பிக் களைத்துத் தூங்கினான். ஆயாவும் வாயை மூடிக்கொண்டாள்.

அந்த நாட்களில்தான் கீழ் லயத்துக்காரி ஒருத்தி என்னைத் தேடி வந்தாள். என்னைவிட இரண்டு மூன்று வயது சின்னவள். அவளுடைய பெண் குழந்தை காய்ச்சலில் போய் ஒரு மாதம்கூட ஆகவில்லை. தண்ணீர்க் குழாயடியில், மற்றப் பெண்கள் இருக்கும்போதே, குரலைத் தாழ்த்திக் கேட்டாள்.

"அக்கா, புள்ள பசியில அழுவுறான்லா. எனக்குப் பால் கட்டி நோவுது. நான் குடுக்கட்டா?"

அவள் எங்கள் சாதி இல்லை. மேல் லயத்தில் நாங்கள், கீழ் லயத்தில் அவர்கள். ஒரே மண்ணைக் கொத்தினாலும் ஒரே செம்பில் தண்ணீர் குடிக்க மாட்டோம். சுற்றி நின்றவர்கள் என் முகத்தையே பார்த்தார்கள்.

"எம்புள்ளைக்கு ரப்பரே போதும்" என்றேன்.

இரண்டு பேர் சிரித்தார்கள். அவள் குடத்தைத் தூக்கிக்கொண்டு போய்விட்டாள்.

மாதம் ஒன்று போனது. சூட்டிலும் எச்சிலிலும் ரப்பர் பிசுபிசுத்து, நுனி பிய்ந்து வர ஆரம்பித்தது. விழுங்கித் தொலைத்தால் என்ன செய்வது? கோயில் வேம்பில் இலை பறித்து அரைத்து அதில் தடவினேன். நாலு நாள் ஓயாமல் அழுவான் என்று பயந்திருந்தேன். பிள்ளை ஒரு தடவை துப்பினான், அதோடு சரி. அதைத் தேடவே இல்லை. கன்னத்தில் சதை பிடித்தது. எனக்குத் தலைகால் புரியவில்லை. சூப்பானை எப்படி மறக்கடிப்பது என்று கேட்டவளுக்கும் கேட்காதவளுக்கும் பாடம் நடத்தினேன்.

ஒரு நாள் மண்வெட்டி காலில் பட்டு, வேலைக்கு நடுவே திரும்பி வந்தேன். ஆயாக் கொட்டகைக்குப் பின்னால் அந்தக் கீழ் லயத்துக்காரி உட்கார்ந்திருந்தாள். மடியில் என் பிள்ளை. அவள் முகவாயைக் கையால் தடவிக்கொண்டே பால் குடித்துக்கொண்டிருந்தான். யாராவது வருகிறார்களா என்று பார்த்துக்கொண்டு ஆயா பக்கத்தில் நின்றாள். தினமும் வேலைக்கு நடுவே நழுவி வந்து கொடுத்திருக்கிறாள். வேம்பாவது மண்ணாவது! வயிறு நிறைந்த பிள்ளைக்கு ரப்பர் எதற்கு?

நான் அவள் காலில் விழுந்திருக்க வேண்டும். பிள்ளையைப் பிடுங்கிக்கொண்டுபோய்க் குழாயடியில் தலையோடு தண்ணீர் ஊற்றினேன். தீட்டுக் கழித்தேனாம். அவள் பார்த்துக்கொண்டே நின்றாள்.

அடுத்த இரண்டு நாளும் பிள்ளை கத்தினான். என்னிடம் பால் இல்லை, கிழங்குக் கூழைத் துப்பினான். மூன்றாம் நாள் குரல் கம்மி, அழக்கூடச் சக்தியில்லாமல் கிடந்தான். என் பிள்ளை செத்துப்போவான் என்று எனக்குத் தெரிந்துவிட்டது. மறுநாள் காலை அவனைக் கொட்டகையில் படுக்க வைத்து, நீ பார்த்துக்கொள் என்று மட்டும் ஆயாவிடம் சொன்னேன். அவளுக்குப் புரிந்தது. அதற்கப்புறம் நான் வேலைக்கு நடுவே ஒரு நாளும் திரும்பி வரவில்லை. எனக்கு எதுவும் தெரியாது என்று ஊரை ஏமாற்றினேன். உயிர் பிழைத்த பிள்ளைக்கு நானே பால் கொடுத்ததாகவும் சொல்லிக்கொண்டேன். பால் கொடுத்தவளிடம் ஒரு நல்ல வார்த்தை பேசியதில்லை.

ஜப்பான்காரன் போனான். சயாமிலிருந்து என் புருஷன் வரவில்லை. அவளும் அவள் வீட்டுக்காரரும் சித்தியவான் பக்கம் வேலைக்குக் கிளம்பினார்கள். போகிற அன்று காலை அவள் எங்கள் லயத்துக்கு வந்து, வாசலுக்கு வெளியே நின்றாள். என் மகன் அப்போது ஓடியாடுகிற பிள்ளை. அவளைக் கண்டதும் கையை நீட்டிக்கொண்டு ஓடினான். நான் சட்டென்று அவன் தோளைப் பிடித்துவிட்டேன்.

"ஒரே ஒரு தடவை தூக்கிக்கிறேன்க்கா. கெளம்புறோம்" என்றாள்.

வரிசையாக எல்லா வாசலிலும் பெண்கள் நின்றார்கள்.

"இப்பத்தான் குளிப்பாட்டினேன்" என்றேன்.

அவள் தலையை ஆட்டினாள். நல்லா பார்த்துக்குங்க என்று சொல்லிவிட்டுத் திரும்பி நடந்தாள். பிள்ளை என் பிடியில் திமிறிக்கொண்டு அழுதான். அன்று நான் அவனைக் குளிப்பாட்டவே இல்லை. அவன் முழங்கால் இரண்டிலும் செம்மண் அப்பியிருந்தது. அவளும் அதைப் பார்த்தாள்.