கலங்கிய பாட்டில்

அந்த டாக்டரின் பெயரைச் சொல்ல நாக்குக் கூசுகிறது. அதனால் சொல்லப்போவதில்லை. திண்டுக்கல்லில் அவருடைய ஆஸ்பத்திரியில் பதினோரு வருஷம் கம்பவுண்டராகக் குப்பை கொட்டினேன். நான் எழுத வந்தது அவரைப் பற்றி அல்ல. அங்கே லேப்பில் ரத்தம், சிறுநீர் எல்லாம் சோதித்துக்கொண்டிருந்த செபாஸ்தியம்மாளைப் பற்றி.

அவள் அப்பா தோல்ஷாப்பில் சுண்ணாம்புத் தொட்டியில் தோல் ஊறப்போடுகிறவர். மகள் பள்ளிப்படிப்பை முடித்து, ஒரு வருஷம் லேப் வேலை பழகி, 1958-இல் எங்களிடம் வந்து சேர்ந்தாள். காலையில் டாக்டர் வருவார். "கையக் காட்டு" என்பார். குனிந்து முகர்ந்து பார்த்துவிட்டு, "இன்னும் தோல் நாத்தம் போகலியே" என்று சிரிப்பார். நாங்களும் சிரிப்போம். வயிற்றுப்பிழைப்புக்காகச் சிரித்த சிரிப்பு அது. இப்போது நினைத்தால் காறித் துப்பத் தோன்றுகிறது.

"அண்ணே, தோல்ஷாப்புப் பக்கம் நான் போயே பத்து வருசமாச்சு. எங்கிருந்துண்ணே நாத்தம் வரும்?" என்று ஒருநாள் கேட்டாள். "விடு தாயி, பெரிய மனுசன் வெளையாட்டு" என்று சொல்லி வைத்தேன்.

1963 ஐப்பசியில் சேவுகம்பட்டியிலிருந்து சண்முகவள்ளி பிரசவத்துக்கு வந்தாள். இருபத்திரண்டு வயது. புருஷன் உடையப்பன் கனகாம்பரம் பயிர் செய்கிற சம்சாரி. சின்ன வயசில் வந்த மூட்டுக் காய்ச்சலில் அவளுடைய இதய வால்வு ஒன்று கெட்டிருந்தது. பிள்ளை பெற்று ரொம்பத் துவண்டுபோனதால், டாக்டர் கணுக்காலைக் கீறி நரம்பில் குழாயைச் செருகி குளுக்கோஸ் ஏற்றினார். இரண்டு நாளில் எடுக்க வேண்டிய குழாய் எட்டு நாள் இருந்தது. சுற்றிலும் சீழ் கட்டிவிட்டது. சொன்னேன். "இருக்கட்டும்யா, மறுபடி குத்த நரம்பு கெடைக்காது" என்றார். சீழுக்கு மேலேயே புதுத்துணி வைத்துக் கட்டினேன். இந்தக் கைதான் கட்டியது.

குழாயை எடுத்த பிறகும் காய்ச்சல் நிற்கவில்லை. சாயங்காலம் ஆனால் கட்டில் ஆடுகிற மாதிரி நடுங்குவாள். ரத்தத்தில் கிருமி வளர்கிறதா என்று பார்க்கச் சொன்னார் டாக்டர். மாட்டிறைச்சியை வேகவைத்து வடித்த சாற்றைப் பாட்டிலில் அடைத்து வைத்திருப்பார்கள். நோயாளியின் ரத்தத்தை அதில் விட்டு வெதுவெதுப்பான பெட்டிக்குள் வைத்தால், கிருமி இருக்கிற பாட்டில் கலங்கும். இரண்டாம் நாள் வள்ளியின் பாட்டில் கலங்கியது. தட்டில் தடவினால் வெள்ளை வெள்ளையாக முளைத்தது. அந்தக் கிருமியைப் பிளாஸ்மாவில் கலந்து பார்க்க வேண்டும். பிளாஸ்மா உறைந்தால் ஆளைத் தின்னும் ஜாதி. உறையாவிட்டால் எல்லார் தோலிலும் சும்மா கிடக்கிற சாதுக் கிருமி. அப்படித்தான் அன்றைக்கு எல்லாரும் நம்பினார்கள். வள்ளியின் கிருமி உறைய வைக்கவில்லை.

"இது அவ ரத்தத்துல இருந்து வரல. ஒன் கையில இருந்து வந்தது" என்றார் டாக்டர்.

செபாஸ்தியம்மாள் லைசாலில் கையைத் தேய்த்துக் கழுவினாள். விரல் இடுக்கெல்லாம் தோல் உரிந்தது. சிரிஞ்சை இரண்டு தடவை கொதிக்க வைத்து மறுபடியும் எடுத்தாள். மறுபடியும் அதே வெள்ளை. டாக்டர் அவள் முடிவு எழுதிக் கொடுத்த காகிதத்தை அவள் முகத்தில் விட்டெறிந்தார். "கையக் கழுவத் தெரியாதவளுக்கு லேப்பு ஒரு கேடா?"

மூன்றாம் தடவை அவள் ஒரு காரியம் செய்தாள். வள்ளியிடம் ரத்தம் எடுத்த கையோடு என்னைக் கூப்பிட்டாள். தன் முழங்கைக்கு மேலே ரப்பர் பட்டையை இறுக்கிப் பிடிக்கச் சொல்லி, இன்னொரு சிரிஞ்சால் தன் ரத்தத்தைத் தானே எடுத்தாள். அதே கை, அதே ஸ்பிரிட், அதே சாறு. மூன்று நாள் கழித்துப் பார்த்தால் அவள் பாட்டில் தெளிவாக இருந்தது. வள்ளியுடையது கழனித்தண்ணி மாதிரிக் கலங்கியிருந்தது.

இரண்டையும் டாக்டர் மேஜையில் கொண்டுபோய் வைத்தாள். "அய்யா, எடுத்த கை ஒன்னுதான். கை அழுக்குன்னா ரெண்டும் கலங்கியிருக்கணும்ல? கிருமி அந்தப் பிள்ள ரத்தத்துலதான் இருக்கு. கெட்டுப்போன வால்வுல போயி ஒக்காந்திருக்கும். கால்ல இருந்த குழாய் வழியா..."

குழாய் என்று சொன்னதும் அவர் முகம் மாறியது. அவருக்குப் புரிந்துவிட்டது, அதை நான் கண்ணால் பார்த்தேன். எழுந்து இரண்டு பாட்டிலையும் வாஷ்பேசினில் கவிழ்த்தார். சீட்டில் டைபாய்டு என்று எழுதி, ஓடிக்கொண்டிருந்த அதே மாத்திரையைத் தொடரச் சொன்னார். பென்சிலினைப் பெரிய அளவில் வாரக்கணக்காகப் போட்டிருந்தால் பிழைத்திருப்பாளா, எனக்குத் தெரியாது. போட்டாவது பார்த்திருக்கலாம். தன் பேர் கெட்டுவிடக் கூடாதென்று ஒரு உயிரை வாஷ்பேசினில் ஊற்றினான் அந்த ஆள். நான் பக்கத்தில் துண்டோடு நின்றேன், அவர் கை துடைக்க.

அன்று மத்தியானமே செபாஸ்தியம்மாள் உடையப்பனைப் பிடித்து, "மதுரைக்குக் கூட்டிட்டுப் போங்கண்ணே, பெரியாஸ்பத்திரியில காட்டுங்க" என்று கெஞ்சினாள். அவன் நேரே டாக்டரிடம் போய்க் கேட்டான். டாக்டர் சொன்னதை நம்பினான். ஒன்பதாம் நாள் வள்ளிக்கு ஒரு பக்கம் கையும் காலும் விழுந்தது. மறுநாள் செத்துப்போனாள்.

ஒரு மாசம் கழித்து, "வள்ளி பிள்ளையப் பாத்துட்டு வரணும்ணே, தொணைக்கு வாங்க" என்றாள் செபாஸ்தியம்மாள். வத்தலக்குண்டில் பஸ் மாறி சேவுகம்பட்டிக்குப் போனோம். உடையப்பன் மரியாதையாகத்தான் உட்காரச் சொன்னான். தொட்டிலில் பிள்ளை அழுதது. அவள் எழுந்துபோய்க் கை நீட்டினாள். அவன் பதறிக் குறுக்கே வந்தான்.

"தொடாதீங்கம்மா. கோச்சுக்கிறாதீங்க. ஒங்க கையில இருந்துதான் கிருமி அவ ரத்தத்துக்குப் போச்சுன்னு டாக்டரய்யா சொன்னாரு. ஒங்க மேல தப்பு சொல்லல, தெரியாம நடந்ததுதான். ஆனாலும் பிள்ளைய வேண்டாம்மா."

அவள் நீட்டிய கையை மடக்கவும் தெரியாமல் நின்றாள். பிறகு என் பக்கம் திரும்பினாள்.

"அண்ணே, நீங்க பாத்தீங்கள்ல. சொல்லுங்கண்ணே."

உடையப்பனும் என்னையே பார்த்தான். நான் ஒரு வார்த்தை சொன்னால் போதும், அவன் நம்பியிருப்பான். நாளைக்கே அவன் டாக்டரிடம் போய்க் கேட்பான், என் வேலை போகும் என்பது மட்டும்தான் அப்போது என் மண்டையில் ஓடியது.

"பஸ்ஸுக்கு நேரமாச்சு தாயி, வா போவோம்" என்றேன்.