அச்சேறாத ஒரு படம்: பிலோமினா மேடம் நினைவாக

சேத்தியாத்தோப்பில் மணல் வழக்குச் செய்தி ஒன்றுக்காக நின்றிருந்தபோது பிலோமினா மேடத்தின் தம்பி ஆரோக்கியம் கூப்பிட்டார். "சார், அக்கா போயிட்டாங்க. காலையில காபி குடிச்சாங்க, சாஞ்சாங்க, அவ்ளோதான். நாளைக்கி காடாம்புலியூர்ல அடக்கம். வந்துருவீங்கல்ல?" போனேன். அடக்கத்துக்கு வந்திருந்த பலரும் மேடம் ஒரு கண்காட்சியைக் கைவிட்ட கதையைப் பேசிக்கொண்டார்கள். அதைப் பாதிப்பாதியாகத்தான் அறிந்திருந்தார்கள். முழுவதும் பார்த்தவன் என்பதால் எழுதிவைக்கிறேன்.

அவர் சிதம்பரத்தில் மானிடவியல் பேராசிரியராக இருந்தவர். அமெரிக்காவின் நியூ மெக்சிகோ பகுதியில், மண்ணால் அடுக்கடுக்காக வீடு கட்டி வாழும் புவெப்லோ மக்களைப் பற்றி ஆராய்ந்தார். அங்கே ஓர் ஊரில் பானை செய்யும் ஒரு பெண்ணின் வீட்டில் தங்கியிருந்தார். வீட்டுக்காரி போட்ட நிபந்தனையை எங்களிடம் அடிக்கடி சொல்வார்: "காட்டறத பாரு. காட்டாதத கேக்காத. கேமரா பெட்டியிலயே இருக்கட்டும்." சம்மதித்துத்தான் உள்ளே போனார்.

சக்கரம் இல்லாமல், மண்ணைக் கயிறுபோலத் திரித்துச் சுற்றிச் சுற்றி ஏற்றி அவர்கள் பானை செய்வதை அவர் மேசையில் சப்பாத்தி மாவை வைத்துச் செய்துகாட்டியதை நான் பார்த்திருக்கிறேன். புனிதரின் சுரூபத்தைக் கோயிலிலிருந்து எடுத்துவந்து ஊர் நடுவே பந்தலில் வைத்து, அதன் முன்னே சோளத்துக்காக ஆடும் திருவிழாவைப் பற்றிச் சொல்வார். "எங்க ஊரு தேர்த்திருவிழாவுல நிக்கிற மாதிரியே இருந்துச்சு சார். ஆனா அதே ஊர்ல சடங்குக்குன்னு தனியா ஒரு அறை இருக்கு. ஏணி வச்சுத்தான் எறங்கணும். நான் ஒரு நாளும் எட்டிப் பாத்ததில்ல."

கடலூரில் ஒரு பங்குக் கோயிலின் மண்டபத்தில் அவர் பேசியபோது நான் இருந்தேன். ஸ்பானியர்களோடு வந்த குருமார்கள் அம்மக்களின் சடங்கு முகமூடிகளைப் பறித்து எரித்ததையும், பிறகு ஊர் ஊராக ஓடி முடிச்சுப் போட்ட கயிற்றைக் கொடுத்து, நாளுக்கு ஒன்றாக அவிழ்த்து, கடைசி முடிச்சு அவிழும் நாளில் எல்லா ஊரும் சேர்ந்து அவர்களை எதிர்த்து எழ அவர்கள் ஏற்பாடு செய்ததையும் சொன்னார். முன்வரிசையில் ஒரு பெரியவர் எழுந்துவிட்டார். "இத நம்ம சபை மண்டபத்துல வந்து எதுக்கும்மா பேசறீங்க?" மேடம் குரலை உயர்த்தவில்லை. "எரிச்சது நம்ம சபை சாமியாருங்கதான் ஐயா. நான் இங்க சொல்லாம வேற எங்க போயி சொல்றது? கண்ணுல பட்டதெல்லாம் எரிஞ்சுது. அதனாலதான் அவுங்க மறைச்சு வச்சாங்க. இன்னிக்கும் மறைக்கிறாங்க."

ஓய்வு பெற்றபின் அவருக்கு ஒரே ஆசைதான் இருந்தது. பழைய புடவைகளில் சுற்றி அவர் கொண்டுவந்த பானைகளை நம் ஊர் மக்கள் பார்க்க வேண்டும். அமெரிக்காவில் வேலை பார்த்துத் திரும்பிய கோதண்டம் என்பவர் சிதம்பரத்தில் தன் மண்டபத்தைத் தர முன்வந்தார். எல்லாம் தயாரான பிறகு, தொடக்க விழாவுக்கு முந்தைய நாள், கோதண்டம் எங்கள் பத்திரிகையின் கடலூர் அலுவலகத்துக்கு ஒரு படத்தை அனுப்பினார். வெளியார் படமெடுக்கக் கூடாத புவெப்லோ சடங்கு ஒன்றை, காருக்குள் உட்கார்ந்தபடி அவர் திருட்டுத்தனமாக எடுத்தது. மண்டபத்திலும் அதைப் பெரிதாக மாட்டியிருந்தார். விழாச் செய்தியோடு அதை வைத்துப் பக்கம் தயாராகிவிட்டது.

மண்டபத்தில் மாட்டியிருப்பதைப் பார்த்து, பத்திரிகைக்கும் போயிருப்பதை அறிந்ததும் மேடம் பஸ் பிடித்துக் கடலூர் வந்துவிட்டார். பக்கம் அச்சுக்குப் போகும் நேரம். நேராக என் மேசைக்கு வந்து, "சார், அந்தப் படத்த எடுத்துருங்க" என்றார்.

பக்கம் வடிவமைக்கும் சலீம் சிரித்தான். "மேடம், நியூ மெக்சிகோவுக்கு நம்ம பேப்பர் எத்தினி காப்பி போவுது?"

"ஒண்ணும் போவாது தம்பி. அதான் பயமா இருக்கு. நீங்க இன்னா போட்டாலும் அவுங்களால வந்து கேக்க முடியாது."

நானும் விடவில்லை. கைக்கு வந்த செய்தியை மறைக்கச் சொல்கிறீர்களே என்றேன். "ஏரி மண்ண ஒருத்தன் அள்ளிட்டு மறைச்சான்னா எழுதுங்க, நானே கூட வரேன். இது அவுங்க சாமி சார்."

கோதண்டத்துக்குத் தொலைபேசி போட்டு, எல்லோரும் கேட்கும்படி வைத்தேன். அவர் கொதித்தார். "நான் எடுத்த படம்மா அது! ஒருத்தனுக்கும் தெரியாம எவ்ளோ கஷ்டப்பட்டு எடுத்தேன் தெரியுமா? நீங்க இன்னா அவுங்க ஊரு நாட்டாமையா?"

"நாட்டாமை இல்லீங்க. அவுங்க வூட்டுல சோறு தின்னவ. அங்க நம்ம சிதம்பரம் கோயில்ல, ரகசியத்த மூடியிருக்கற திரைக்கு முன்னாடி நின்னு இப்பிடி செல்போனத் தூக்குவீங்களா?"

"அதுவும் இதுவும் ஒண்ணா? படம் பேப்பர்ல வரணும், மண்டபத்துலயும் இருக்கணும். இல்லன்னா நாளைக்கிக் கதவு தொறக்காது."

மேடத்தின் கை என் மேசை விளிம்பைப் பிடித்திருந்தது. அத்தனை வருட ஆசை அந்தக் கதவுக்குப் பின்னால் இருந்தது. அச்சகத்திலிருந்து சலீமுக்கு அழைப்பு வந்தது. அவன் எடுக்காமல் என்னைப் பார்த்தான்.

"தொறக்க வேணாங்க" என்றார் மேடம். "பானைய நான் காலையில வந்து எடுத்துக்கறேன்." பிறகு என் பக்கம் திரும்பினார். "இப்ப விழாவே இல்ல சார். படம் எதுக்கு?"

செய்தியையும் படத்தையும் எடுக்கச் சொன்னேன். சலீம் முணுமுணுத்துக்கொண்டே அந்த இடத்தில் வீராணம் ஏரி நீர்மட்டச் செய்தியைப் போட்டான். மறுநாள் சிதம்பரம் போனபோது, மேடம் மண்டபத் தரையில் உட்கார்ந்து பானைகளை ஒவ்வொன்றாகப் புடவையில் சுற்றிக்கொண்டிருந்தார். அழுதிருந்தார் என்பது முகத்தில் தெரிந்தது. அதற்குப் பிறகு அவை எந்த மண்டபத்திலும் ஏறவில்லை.

அன்று அவர் சொன்னது எனக்கு முழுதாக ஒப்பவில்லை. இன்றும் சில நாட்களில் ஒப்புவதில்லை. ஒரு படத்தால் நம் மக்கள் அந்தப் பானைகளைப் பார்க்காமல் போனார்கள் என்ற வருத்தம் எனக்கு உண்டு. ஆனால் தனக்குக் கிடைக்கவிருந்ததை இழந்து ஒருவர் வாக்கைக் காத்ததை நான் பக்கத்தில் நின்று பார்த்தேன்.

அடக்கம் முடிந்து திரும்பும்போது சலீம் கேட்டான். அவனுக்கும் தலை நரைத்துவிட்டது. "அண்ணே, அஞ்சலி எழுதுவீங்கல்ல? அந்தப் படத்துல இன்னா இருந்துச்சுன்னும் எழுதிருங்க. இனிமே யாரு கேக்கப் போறா?"

அந்தப் படத்தை அவ்வளவு அருகில் பார்த்தவர்களில் நானும் ஒருவன். யார் நின்றிருந்தார்கள், கையில் என்ன இருந்தது, எல்லாம் நினைவிருக்கிறது. பார்த்ததையெல்லாம் எழுதிப் பிழைத்தவன் நான். மேடத்திடமிருந்து எனக்கென்று வைத்துக்கொண்டது, எழுதாமல் விட்ட இந்த ஒன்றைத்தான்.