கேட் போனது, பாதையும் போனது

நல்லூரில் எங்கள் தையல் யூனிட்டுக்குப் போக ஒரே பாதைதான். பக்கத்து இடத்துக்காரர் அதில் கேட் போட்டுப் பூட்டி நான்கு மாதம் ஆகிறது. அன்றிலிருந்து டெய்லர்கள் பின்பக்கச் சாக்கடையைத் தாண்டித்தான் வேலைக்கு வந்தார்கள்.

ஹைகோர்ட் போனோம். கேட்டை எடுக்கவும், அதற்குப் போலீஸ் பாதுகாப்புத் தரவும் உத்தரவு கிடைத்தது. இன்று காலை எஸ்.ஐ.யே வந்தார்.

கேட் ஏற்கெனவே கழற்றப்பட்டிருந்தது. சந்தோஷத்தோடு எட்டிப் பார்த்தேன். பாதையின் குறுக்கே ஆள் உயரத்துக்குக் குழி தோண்டியிருந்தார்கள்.

இடத்துக்காரர் நிதானமாக வந்தார்.

“வாங்க சார். கேட்டை எடுக்கோணும்னு ஆர்டர், எடுத்துட்டனுங்க. குழி தோண்டக் கூடாதுன்னு அதுல எங்கீங்க இருக்குது?”

எஸ்.ஐ. உத்தரவை இரண்டு முறை படித்துவிட்டு என்னைப் பார்த்தார்.

“இல்லீங்கம்மா. இதுக்குத் தனியா ஆர்டர் வாங்கிட்டு வாங்க.”



பின்னால் நின்ற தூத்துக்குடிக்கார டெய்லர் முருகேஸ்வரி சொன்னாள்: “சாக்கடையத் தாண்டி இனிமே வர மாட்டோம்க்கா. ஏணி குடுங்க, இதுலயே எறங்கிப் போறோம்.”

இரண்டு கான்ஸ்டபிள்கள் ஏணியைப் பிடித்துக்கொள்ள, பன்னிரண்டு பெண்கள் குழியில் இறங்கி, அந்தப் பக்கம் ஏறி, வேலைக்குப் போனார்கள்.

வக்கீல் நண்பர்களே, அடுத்த மனுவில் குழியை மூட மண் கேட்பதா, நிரந்தரமாக ஒரு ஏணி கேட்பதா?