லிட்டில் இந்தியாவில் எழுந்து நின்ற மாப்பிள்ளை

பிளஸ் டூ தேர்வு முடிந்த மே மாதம், என் சேட்டை தாங்காமல் சிங்கப்பூரில் இருக்கும் பெரியம்மா மகள் தேன்மொழியிடம் இரண்டு வாரத்துக்கு என்னை அனுப்பிவைத்தார்கள். அக்கா படம் எடுப்பவள். பாம்பு இல்லை, ஆவணப்படம். கைப்பேசி நம் வாழ்க்கையை என்னவெல்லாம் செய்திருக்கிறது என்பதுதான் பொருள். அவளோடு ஒரு ஞாயிறு லிட்டில் இந்தியா போனேன்.

ஆங் மோ கியோவில் காலை பதினொன்றரைக்கு ரயில் ஏறினோம். டோபி காட் நிலையத்தில் மாறி, மொத்தம் முப்பது நிமிடம். கட்டணம் ஒன்றரை வெள்ளிக்கு, அதாவது சிங்கப்பூர் டாலருக்கு, கொஞ்சம் மேல். நியூட்டனில் மாறியிருந்தால் சீக்கிரம் போயிருக்கலாம். வழி சொன்னது நான் என்பதால் அக்கா இதை மூன்று முறை சொன்னாள். இலைச் சாப்பாடு ஒன்பது வெள்ளி; ஞாயிறன்று இடம் கிடைக்க இருபது நிமிடம் நிற்க வேண்டும்.

ஒன்றரை மணிக்கு (ஊரில் பதினொன்று) ஓர் அடுக்குமாடியின் கீழ்த்தளத்தில் முருகேசன் அண்ணன் காத்திருந்தார். கட்டடங்களுக்குப் பெயிண்ட் அடிப்பவர், பட்டுக்கோட்டைப் பக்கம். அன்று அவர் வீடியோ காலில் பெண் பார்க்கப் போகிறார். ஏற்கெனவே இரண்டு இடம் தட்டிப் போயிருந்தது. படமெடுக்க இரு வீட்டாரிடமும் அக்கா சம்மதம் வாங்கியிருந்தாள்.

அவர் பையில் தேய்த்த வெள்ளைச் சட்டை இருந்தது. பேண்ட் அவர் தங்கும் தொழிலாளர் விடுதியிலேயே தங்கிவிட்டது. நீலப் பெயிண்ட் தெறித்த அரைக்கால் டவுசரோடு, பக்கத்துக் கடையில் ஒன்று வாங்கக் கிளம்பியவரை நிறுத்தியது நான்தான்.

“இடுப்புக்குக் கீழ போன் பாக்காதுண்ணே. பாதி மாப்பிள்ளை போதும்.”

எல்லாம் நன்றாகத்தான் போனது, பெண்ணின் தாய்மாமன் வாயைத் திறக்கும்வரை.

“தம்பி, கொஞ்சம் எந்திரிச்சு நில்லுங்க. உயரம் பாத்துக்குறோம்.”

அண்ணன் அசையவில்லை. என்னைப் பார்த்தார்.

“ஏந்தம்பி, காலுல எதும் பிரச்சனையா?”

அதற்குமேல் உட்கார முடியுமா? எழுந்து நின்றார். “பேண்ட்ட மறந்துட்டு வந்துட்டேங்க.”

அதுவரை வாய் திறக்காத பெண்ணின் குரல் கேட்டது. “மாமா, உயரம் தெரிஞ்சுதுல்ல? உக்காரச் சொல்லுங்க, பாவம்.”

போன் அவள் கைக்கு மாறியது. “டவுசர்ல என்ன அவ்ளோ நீலம்?”

“அது பதினாலாவது மாடிங்க” என்றார் அண்ணன். அவள் சிரித்தாள். அவர் தன் வேலையைப் பற்றிச் சொல்ல ஆரம்பித்தார்.

அக்கா கேமராவை அணைத்துவிட்டாள்.

“ஏங்க்கா, இப்பத்தானே நல்லாப் போகுது?”

“இதுக்கு நான் சம்மதம் வாங்கலடா. வா லா, டீ குடிக்கலாம்” என்றாள், சிங்கப்பூர்ப் பேச்சில்.

ஞாயிறன்று அங்கே போகிறவர்கள் கேமராவைத் தூக்குமுன் கேளுங்கள். படியிலும் புல்லிலும் உட்கார்ந்து போனில் பேசுகிறவர்கள், அந்த நேரத்தில் தங்கள் வீட்டுக்குள் இருக்கிறார்கள். யாருக்கும் உடை பற்றி யோசனையும் சொல்லாதீர்கள்.

வியாழக்கிழமை அண்ணனே அழைத்தார். மன்னிப்புக் கேட்கத் தயாராக வைத்திருந்த வசனத்தை நான் தொடங்குவதற்குள் அவர் பேசிவிட்டார்.

“பொண்ணு இன்னும் சரின்னு சொல்லல தம்பி. டிசம்பர்ல நேர்ல வந்து பேசச் சொல்லியிருக்கு. டிக்கெட் போட்டுட்டேன்.”