ஷார்ஜா மாப்பிள்ளைக்கு ஓர் இந்தி வசனம்

சினிமாவில் கூட்டமாக நிற்பதும் ஒரு தொழில்தான்: நாள் முழுக்க நின்றாலும் யாரும் பார்க்க மாட்டார்கள், கொஞ்சம் நகர்ந்தால் எல்லோரும் பார்த்துவிடுவார்கள். கல்யாண வீடியோவில் பாதி முகம் மட்டும் விழுந்தவர்களே, என் வேதனை உங்களுக்குப் புரியும்.

பஞ்சாபி ஆனோம்

பிளஸ் டூ லீவில் கொச்சியில் எங்கள் மட்டாஞ்சேரிக்கு ஓர் இந்திப் படக் கம்பெனி வந்தது. சுக்குக் கிடங்கு முற்றம் பஞ்சாப் மாளிகை ஆனது. கதை இதுதான்: லண்டனில் வளர்ந்த பெண் அங்கே ஒருவனைக் காதலிக்கிறாள், அப்பாவோ ஊரில் நண்பனுக்கு வாக்குக் கொடுத்துவிட்டார். கல்யாணக் கூட்டத்துக்கு எங்கள் சந்தில் ஆள் பிடித்தவர் பாபு சேட்டன். கார்ப்பரேஷன் வேலைக்கு லீவு போட்டுவந்த அப்பாவுக்குத் தலைப்பாகை, அக்காவுக்கும் எனக்கும் ஜரிகைத் துப்பட்டா.

சுக்கு நெடியில் அப்பா தும்மித் தும்மியே டேக்குகள் போயின. பாபு சேட்டன் பல்லைக் கடித்தார்: "பஞ்சாபிக்காரனும் தும்முவான் அண்ணாச்சி, ஆனா இப்படித் தமிழ்ல தும்ம மாட்டான்."

நிஜக் கண்ணீர்

நாயகி அழும் காட்சியில் கிளிசரின் இல்லாமல் அழுதவர் அப்பா மட்டும்தான். சாயா இடைவேளையிலும் ஆறவில்லை. "பெத்த பொண்ணைக் கேட்காம வாக்குக் கொடுப்பானா ஒருத்தன்?"

அக்கா கிளாஸைக் கீழே வைத்தாள். அவளையும் கேட்காமல்தான் ஒரு ஷார்ஜா மாப்பிள்ளையைப் பேசியிருந்தார் அப்பா. தாலி கட்டியதும் மாப்பிள்ளை ஷார்ஜாவில், அக்கா இங்கே தேவராவில் மாப்பிள்ளை வீட்டில், அவருடைய அம்மாவைப் பார்த்துக்கொண்டு. துணிக்கடை வேலையை விட்டுவிட வேண்டும். ஞாயிற்றுக்கிழமை வீடியோ காலில் அப்பா சம்மதம் சொல்வதாக ஏற்பாடு.

"அப்போ என்னை?" என்றாள்.

அப்பா கண்ணைத் துடைத்துக்கொண்டே சொன்னார்: "இது சினிமா, மோளே."

ஒரே ஒரு வரி

அழுததற்குப் பரிசாக அப்பாவுக்குப் பெரியப்பா வேடம் கிடைத்தது. நாயகி தலையில் கைவைத்து, "பேட்டி, ஜோ தில் கஹே, வஹீ கர்" என்று சொல்ல வேண்டும். மகளே, உன் மனசு சொல்றதைச் செய், என்று அர்த்தம்.

வீட்டில் ஒத்திகை. நாயகியாக அக்கா. படத்தின் உதவி இயக்குநர் ஒரு மும்பைக்கார அம்மா. தொண்டை கட்டிய காக்காய்க் குரல். அந்தக் குரலை எடுத்து நான் "சைலன்ஸ்... ஆக்‌ஷன்" என்றால் போதும், அப்பாவின் கை தானாக அக்கா தலைக்குப் போகும். சோற்றுத் தட்டிலிருந்து போகும். பல் தேய்க்கும்போது நுரையோடு போகும்.

நுரையைத் துடைத்துக்கொண்டு அக்கா சொன்னாள்: "இன்னும் கொஞ்சம் நம்பிச் சொல்லுங்கப்பா."

முதல் டேக்

ஞாயிறு. போனில் மாப்பிள்ளை. அப்பா அக்காவைப் பக்கத்தில் நிறுத்தித் தொண்டையைச் செருமினார். அக்கா என்னைப் பார்த்தாள். நீங்களாக இருந்தால் சும்மா இருந்திருப்பீர்களா? அடுக்களைக் கதவுக்குப் பின்னாலிருந்து மும்பைக் குரல் வந்தது: "சைலன்ஸ்... ஆக்‌ஷன்."

அப்பாவின் கை உயர்ந்தது. வசனம் பிசிறில்லாமல், கண்ணீரோடு, முதல் டேக்கிலேயே ஓகே. அக்கா "சரிப்பா" என்று சொல்லிவிட்டு உள்ளே போய்விட்டாள். மாப்பிள்ளையோ ஷார்ஜாவில் இந்திக்காரர்களோடு ஒரே அறையில் கிடப்பவர். ஒரு சொல் விடாமல் புரிந்துவிட்டது.

மாப்பிள்ளை சொன்னார்: "பொண்ணுக்கு இஷ்டமில்லைன்னா தமிழ்லயே சொல்லியிருக்கலாமே மாமா."

படம் வந்தபோது அப்பாவின் வசனத்தை வெட்டிவிட்டு, லண்டன்காரியை அவள் அப்பன் சொன்னவனுக்கே கட்டிவைத்திருந்தார்கள். பாவம், அவளுக்குத் தங்கச்சி கிடையாது.