எழுந்து நிற்க மறந்த கேப்டன்

ஹொரேஸ் பிளெங்கின் இரவு படுக்கப் போனபோது கடற்படையின் விமானப் பிரிவில் ஃப்ளைட் லெப்டினன்ட். காலையில் சவரம் செய்துகொள்ள எழுந்தபோது கேப்டன். யாரும் அவருக்குப் பதவி உயர்வு கொடுக்கவில்லை. கடற்படை விமானங்களையும் தரைப்படை விமானங்களையும் ஒன்றாகச் சேர்த்து லண்டனில் புதிதாக ஒரு வான்படையை உண்டாக்கியிருந்தார்கள். அதற்கென்று சொந்தமாகப் பட்டங்கள் யோசிக்க நேரமில்லை போலிருக்கிறது, தரைப்படைப் பட்டங்களையே எல்லார் தலையிலும் கட்டிவிட்டார்கள். நாள் பார்த்தார்களே, 1918 ஏப்ரல் முதல் தேதி! ஹம்பர் ஆற்று முகத்துவாரத்தில் ஸ்காபி நெஸ் கடல்விமான நிலையத்தில் அன்று காலை உணவுக்கு உட்கார்ந்த ஒருவர்கூட அந்த அறிவிப்பை நம்பவில்லை. யாரோ விளையாடுகிறார்கள் என்று சிரித்தார்கள்.

விளையாட்டு இல்லை என்று வின்னிக்குத்தான் முதலில் தெரிந்தது. பிளெங்கினின் மனைவி. கணவரின் நீலக் கோட்டுக் கையிலிருந்த தங்கப் பட்டைகளை அவள்தான் பிரித்தெடுத்தாள், புதிதாகக் கொடுத்த காக்கிக் கோட்டில் காக்கிப் பட்டைகளை அவள்தான் தைத்தாள்.

"இன்னொரு தடவ மாத்தினாங்கன்னா கைய வெட்டிட்டு வேற கை வெச்சுத் தைக்கணும், சொல்லிட்டேன்."

"கோட்டுக் கையையா, என் கையையா?"

"ரெண்டையும்தான்."

நீலக் கோட்டை அவள் தூக்கி எறியவில்லை. பட்டை இருந்த இடத்தில் துணி வெளுக்காமல் கருநீலமாக நின்றது, அதன் ஓரமெல்லாம் ஊசித் துளைகள். அதை மடித்து அலமாரியின் அடியில் வைத்தாள்.

வின்னியின் அப்பா ஏமஸ் கிரண்டெல் கிரிம்ஸ்பியில் மீன்பிடிக் கப்பல் ஓட்டுகிறவர். போர்க்காலத்தில் அதே கப்பலோடு கடற்படையின் துணைப்படையில் சேர்ந்து கண்ணிவெடி வாரினார். அந்த ஊரில் கேப்டன் என்றால் ஒரு போர்க்கப்பலே காலடியில் இருக்க வேண்டும். மருமகனின் புதுப் பட்டத்தைக் கேட்டதும் மனிதருக்குச் சிரித்துச் சிரித்து இருமல் வந்துவிட்டது.

"கேப்டனா? ரொம்ப சந்தோஷம் மாப்ளே. கப்பல எங்க கட்டி வெச்சிருக்கே? சொல்லு, நானும் ஒரு எட்டு வந்து பாத்துட்டுப் போறேன்."

பிளெங்கின் இதற்கெல்லாம் கோபப்படுகிறவர் இல்லை. பீப்பாய் செய்கிறவரின் மகன் அவர். பதினைந்து வயதில் கடற்படையில் சேர்ந்து, தளம் தேய்த்து, நிலக்கரி சுமந்து, மெல்ல மெல்லப் படியேறி வந்தவர். போரில் ஆள் பற்றாமல் போனபோது பறக்கக் கற்றுக்கொடுத்தார்கள். கற்றுக்கொண்டார். அதிகாரியாக்கினார்கள். அதிகாரிகள் மெஸ்ஸில் முதல் விருந்தன்று அரசர் நலத்துக்காகக் கோப்பையைத் தூக்கியபோது இவர் விறைத்து எழுந்து நின்றார். பக்கத்தில் இருந்தவர் கோட்டைப் பிடித்து இழுத்தார். "உக்காருங்க ஐயா. கடற்படைல அரசருக்கு உக்காந்துதான் குடிப்போம்."

கப்பலில் கூரை தாழ்வு. எழுந்தால் தலை உத்திரத்தில் இடிக்கும். அதனால் எந்தக் காலத்திலோ ஏதோ ஓர் அரசர் உட்கார்ந்தே குடியுங்கள் என்று சொல்லிவிட்டாராம். மற்ற அதிகாரிகளுக்கு அது வெறும் வழக்கம். பிளெங்கினுக்கு அப்படியில்லை. பீப்பாய்க்காரன் மகன் அரசர் பெயரைச் சொல்லும்போது நாற்காலியில் உட்கார்ந்திருக்கலாம்! தான் அதிகாரியாகிவிட்டோம் என்று அவர் நம்பியது சம்பளத்தாலும் இல்லை, தங்கப் பட்டையாலும் இல்லை. அந்த நாற்காலியால்தான்.

புதுப் படை வந்தபோது, தொடர்ந்து பறக்க வேண்டுமா, கையெழுத்துப் போட்டு இந்தப் பக்கம் வா என்றார்கள். பறப்பதை விட மனமில்லை, போட்டுவிட்டார். திரும்பிப் போக வழி உண்டா என்று அப்போது கேட்கத் தோன்றவில்லை.

நிலையத்துக்குப் புதுத் தலைவராக மேஜர் லாஸெல்ஸ் வந்தார். தரைப்படையில் குதிரை ஓட்டிவிட்டு விமானத்துக்கு வந்தவர், பிளெங்கினைவிடப் பத்து வயது சின்னவர், மரியாதை தெரிந்தவர். முதல் விருந்தில் அரசர் பெயரைச் சொன்னதும் பாதி மெஸ் எழுந்தது, பாதி மெஸ் உட்கார்ந்திருந்தது. மேஜர் புன்சிரிப்போடு மேலே பார்த்தார்.

"இந்தக் கூரை யார் தலைலயும் இடிக்காது, கனவான்களே. நான் அளந்து பாத்துட்டேன்."

அன்றிலிருந்து எல்லாரும் எழுந்தார்கள். பிளெங்கினும் எழுந்தார். ஒவ்வொரு முறையும் ஒரு கணம் பிந்தித்தான் எழுவார், ஆனால் எழுந்துவிடுவார்.

போர் முடிந்தது. அதற்குப் பிறகுதான் அவருக்குப் பயமே பிடித்தது. அதிகாரிகளைக் கூடை கூடையாக வீட்டுக்கு அனுப்பினார்கள். கொஞ்சம் பேரை மட்டும் நிரந்தரமாக வைத்துக்கொள்வார்கள் என்று பேச்சு. பிளெங்கினுக்கு முப்பத்தாறு வயது. வெளியே அவருக்குத் தெரிந்த தொழில் எதுவுமில்லை. மாமனாரின் மீன்துறைதான் மிச்சம்.

ஜூன் மாதம் ஒரு ஜெனரல் வருவதாகச் செய்தி வந்தது. யாரை வைத்துக்கொள்வது என்று மேலிடத்துக்குச் சொல்லப் போகிறவர் அவர்தான். மேஜர் பிளெங்கினைத் தனியாகக் கூப்பிட்டார்.

"உங்க பேர முதல்ல வெச்சிருக்கேன், பிளெங்கின். ஜெனரலுக்கு உங்களப் பிடிச்சுட்டாப் போதும். ஒரே ஒரு விஷயம். கடற்படைன்னாலே அவருக்கு ஆகாது. விமானத்தையெல்லாம் திருப்பிக் கொடுங்கன்னு அவங்க லண்டன்ல மல்லுக்கு நிக்கறாங்க இல்லையா? நீங்க நம்ம ஆளுன்னு அவருக்குத் தெரியணும்."

"நான் உங்க ஆளுதான் சார்."

"எனக்குத் தெரியும். அவருக்குத் தெரியணும்."

விருந்தில் பிளெங்கினை ஜெனரலுக்குப் பக்கத்திலேயே உட்கார வைத்தார் மேஜர். ஆட்டுக்கறி வந்தது. ஜெனரல் பேச்சுவாக்கில், வட கடலில் ஒரு முறை விழுந்தீர்களாமே என்று கேட்டார். பிளெங்கின் சொல்ல ஆரம்பித்தார். கடல்விமானத்தின் இயந்திரம் நின்றது, தண்ணீரில் இறங்கினார்கள், அலை இழுத்துக்கொண்டு போனது. விமானத்தில் மூன்று பேர். பிளெங்கின், வழிபார்க்கும் அதிகாரி ஓட்வே, டிம்மக் என்ற இயந்திரக்காரன்.

"டிம்மக் பாடிட்டே இருந்தான் சார். குளிர் தெரியாம இருக்கணும்னு. மட்டமான பாட்டு, உங்க முன்னால சொல்ல முடியாது. நான் அவன என் கோட்டுக்குள்ள விட்டுக் கட்டிப் பிடிச்சிருந்தேன். பாட்டு நின்னதும், தூங்கிட்டான்னு நெனச்சேன்."

ஜெனரல் கத்தியைக் கீழே வைத்துவிட்டார். மேசைக்கு எதிர்ப்பக்கமிருந்து மேஜர் லேசாகத் தலையசைத்தார். எல்லாம் நல்லபடியாகத்தான் போனது, அதுதான் கொடுமை. அன்றைக்கு மட்டும் பிளெங்கின் வாயை மூடிக்கொண்டு கறியைத் தின்றிருக்கலாம்.

ஏனென்றால் சொல்லி முடித்தபின் அவர் மனம் அந்த மேசைக்குத் திரும்பி வரவில்லை. டிம்மக்கைப் புதைத்துவிட்டு வந்த மாலையில், பழைய கடற்படை மெஸ்ஸில், பழைய ஆட்களோடு உட்கார்ந்திருந்தார். தட்டுகளை எடுத்தார்கள், ஒயின் ஜாடி சுற்றி வந்தது. "கனவான்களே, அரசர்" என்று ஒரு குரல் கேட்டது. பிளெங்கின் கோப்பையைத் தூக்கி, "அரசர்" என்று சொல்லிக் குடித்தார்.

கோப்பையை வைத்தபோது முகத்துக்கு நேராக ஒரு இடுப்பு வார் தெரிந்தது. அடுத்து இன்னொரு வார். வரிசையாக வார்களும் பித்தளைப் பொத்தான்களும். மெஸ் முழுவதும் நின்றுகொண்டிருந்தது. அவர் ஒருவர்தான் உட்கார்ந்திருந்தார், ஜெனரலின் முழங்கைக்குக் கீழே.

எல்லாரும் உட்கார்ந்தார்கள். ஜெனரல் கைக்குட்டையால் மீசையைத் துடைத்துக்கொண்டார்.

"நல்ல கதை, கேப்டன். நீங்க யாரு பக்கம்னு இப்பத்தான் தெளிவாத் தெரிஞ்சுது."

"சார், மறந்துட்டேன் சார். பழக்கம்..."

"நம்பறேன். அந்தப் பழக்கத்தத்தான் நாங்க வெளிய அனுப்பப் பாக்கறோம்."

ஜெனரல் பிறகு அவர் பக்கம் திரும்பவே இல்லை. மேஜர் தன் தட்டையே பார்த்துக்கொண்டிருந்தார்.

வெளியே வந்ததும் ஓட்வே அவரைக் கட்டிப்பிடித்துக்கொண்டான். அவனும் பழைய கடற்படைதான். "சபாஷ் ஹொரேஸ்! அந்தாளு மூஞ்சியப் பாத்தியா? எங்களுக்கெல்லாம் சேத்து நீ ஒருத்தன் உக்காந்தேய்யா!"

"யோவ், மறந்துட்டேன்யா."

"ஆமா ஆமா, மறந்துட்டே. வெளிய அப்படித்தான் சொல்லணும்."

உண்மையைச் சொன்னால் நம்ப ஆளில்லை. கடற்கரை நெடுக அந்தக் கதை ஓடியது. ஜெனரலுக்கு முன்னால் சட்டமாக உட்கார்ந்த பிளெங்கின்! துறைமுகத்தில் முகம் தெரியாத கடற்படைக்காரர்கள்கூட அவர் முதுகில் தட்டி பீர் வாங்கிக் கொடுத்தார்கள். அவர் ஒவ்வொருவரிடமும் மறந்துவிட்டேன் என்றார். அடக்கமான மனிதர் என்று அதற்கும் ஒரு பெயர் கிடைத்தது.

மெஸ்ஸிலோ, அதற்குப் பிறகு வந்த ஒவ்வொரு விருந்திலும் அரசர் பெயரைச் சொல்ல வாயெடுப்பதற்குள் பிளெங்கின் எழுந்து நிற்பார். முதல் ஆளாக. உணவு முழுக்க அதையே எண்ணிக்கொண்டிருப்பதால் என்ன சாப்பிட்டோம் என்றே அவருக்குத் தெரியாது. வீட்டுக்கு மாமனார் வந்திருந்தபோது யாரோ பேச்சில் அரசர் என்று சொல்ல, இவர் நாற்காலியிலிருந்து அரையாக எழுந்ததை வின்னி பார்த்தாள். எனக்கு அவள்மேல்தான் பரிதாபம் அதிகம்.

ஆகஸ்டில் பட்டியல் வந்தது. பிளெங்கினின் பெயர் இல்லை. ஓட்வேயின் பெயர் இருந்தது.

அதே வாரம் வான்படைக்குச் சொந்தப் பட்டங்களும் வந்துசேர்ந்தன. இரவல் போதும் என்று லண்டனில் யாரோ முடிவெடுத்திருந்தார்கள். மேஜர் இனி ஸ்குவாட்ரன் லீடர். லெப்டினன்ட் எல்லாம் ஃப்ளையிங் ஆபீசர். கேப்டன் இனி ஃப்ளைட் லெப்டினன்ட். ஆம், அதே ஃப்ளைட் லெப்டினன்ட்தான். பிளெங்கின் கழற்றிக் கொடுத்த பெயரைத் துவைத்து, தேய்த்து, வேறு ஆட்களுக்கு மாட்டிவிட்டார்கள்.

"நான் எவ்வளவோ எழுதிப் பாத்தேன், பிளெங்கின்" என்றார் லாஸெல்ஸ்.

"தெரியும் சார்."

"புதுப் பேரெல்லாம் பாத்திருப்பீங்க."

"பாத்தேன் சார். நல்ல பேரு. எனக்கு முன்னயே பிடிக்கும்."

லாஸெல்ஸ் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார். போகிறவர்களுக்குப் புதுப் பெயர் கிடையாது, பழையதை வைத்துக்கொள்ளலாம் என்று ஒரு சலுகை இருந்தது. பிளெங்கின் கேப்டனாகவே வீட்டுக்குப் போனார்.

கடற்படை அலுவலகத்துக்கும் ஒரு முறை போய்ப் பார்த்தார். மேசைக்குப் பின்னால் இருந்தவர் கெட்டவர் இல்லை. "நீங்களாத்தானே போனீங்க? நாங்க அனுப்பலையே" என்றார்.

கிரிம்ஸ்பி மீன்துறையில் கப்பல்களுக்குப் பனிக்கட்டி ஏற்றும் வேலை கிடைத்தது. கைவிரல் விறைத்துப்போகும் வேலை. "கேப்டன், இந்தப் பக்கம் கொட்டுங்க! கேப்டன், பாத்து, வழுக்கும்!" என்று துறை முழுக்க ஏலம் போட்டார்கள். டிம்மக்கைப் பற்றி நினைக்கக்கூடாது என்று நினைப்பார். பனிக்கட்டியைத் தொட்டுக்கொண்டு அவனை எப்படி நினைக்காமலிருப்பது?

குளிர்காலத்தில் மாமனார் ஒரு நாள் வேகமாக வந்தார். கடற்படைத் துணைப்படை அதிகாரிகளுக்கு ஹோட்டலில் விருந்தாம். கமாண்டர் ராக் வருகிறாராம். கடலோரக் காவலில் ஆள் போடுவது அவர் கையில்தான்.

"உன் கதையக் கேட்டு அந்தாளு விழுந்து விழுந்து சிரிச்சாராம். கூட்டிட்டு வான்னு அவரே சொல்றார். சீருடை, வீடு, எல்லாம் உண்டு மாப்ளே. நீ ஒண்ணும் பேசாத. சாப்பிடு, குடி, உக்காந்திரு. உக்கார்றதுதான் உனக்குக் கைவந்த கலையாச்சே."

வின்னி அவசர அவசரமாக அவருக்கு ஒரு சட்டைக்குக் கஞ்சி போட்டாள். பல மாதத்துக்குப் பிறகு அன்று அவள் ஏதோ முணுமுணுத்துப் பாடியதை பிளெங்கின் கேட்டார்.

விருந்தில் கமாண்டர் ராக் மேசையைத் தட்டி எல்லாரையும் அமைதிப்படுத்தினார். "கனவான்களே, இவர்தான் அவர்! ஜெனரலுக்கு முன்னால எழுந்திருக்காத நம்ம பிளெங்கின்!" கைதட்டல் அடங்க வெகு நேரமாயிற்று. பிறகு குனிந்து காதோடு சொன்னார். "ஸ்பர்ன் முனைல ஒரு எடம் காலியாகுது. திங்கக்கிழம காலைல என்ன வந்து பாருங்க."

பிளெங்கின் தலையை ஆட்டினார். கடல் தெரியும் ஜன்னல், நீலக் கோட்டு, வின்னி, எல்லாம் ஒரே சமயத்தில் கண்ணுக்கு முன்னால் வந்தன. ஒயின் ஜாடி சுற்றி வந்தது.

"கனவான்களே, அரசர்" என்றார் கமாண்டர், உட்கார்ந்தபடி.

ஒரே ஒரு நாற்காலி பின்னால் நகரும் சத்தம் கேட்டது.

பிளெங்கின் நின்றுகொண்டிருந்தார். விறைப்பாக, கோப்பையைத் தூக்கிப் பிடித்தபடி, அறையிலேயே முதல் ஆளாக. சுற்றிலும் நரைத்த தலைகளும் வழுக்கைத் தலைகளும் அண்ணாந்து அவரைப் பார்த்தன. ஏமஸ் கிரண்டெல் அவர் கோட்டைப் பிடித்துக் கீழே இழுத்தார். "உக்காருடா! டேய், உக்காந்து தொலைடா!" யாரோ ஒருவர் சிரிக்க, சிரிப்பு மேசை நெடுகப் பரவியது. கமாண்டர் மட்டும் சிரிக்கவில்லை.

"இவரா அவரு? வேற எவனோ பிளெங்கினா இருக்கும்" என்றார்.

வீட்டில் வின்னி தூங்காமல் காத்திருந்தாள். அலமாரியின் அடியிலிருந்த நீலக் கோட்டை எடுத்துத் தேய்த்து நாற்காலி முதுகில் போட்டிருந்தாள். கோட்டுக் கையில் இருந்த ஊசித் துளைகள் தேய்த்தும் போகவில்லை.

"பாத்தாரா? என்ன சொன்னார்?"

"திங்கக்கிழம காலைல வரச் சொன்னார்."

"ஹொரேஸ்!" அவள் கோட்டை எடுத்து நெஞ்சோடு அணைத்துக்கொண்டாள்.

பிளெங்கின் பூட்ஸ் கயிற்றை அவிழ்ப்பதற்காக நாற்காலியில் மெதுவாக உட்கார்ந்தார்.

"அரசருக்குக் குடிக்கறதுக்கு முன்னால சொன்னார், வின்னி" என்றார்.